ஏடு தொடாத பாடகி: அட்டப்பாடி நஞ்சியம்மா வரலாறு

ஜூபிலி மலர் என்றால் கோவில் எழும்பிய கதையும், பங்கில் உழைத்த குருக்கள், கன்னியர், உபதேசியார் ஆகியோரின் வரலாறும் இடம்பெறுவதே வழக்கம். அப்படியிருக்க, நம் பங்கையும் சேராத, நம் மாநிலத்திலும் குடியிராத ஒரு பெண்மணியின் வரலாற்றை இம்மலரில் ஏன் எழுத வேண்டும் என்று பங்கு மக்கள் வினவக்கூடும். வினா நியாயமானதே. நெல்லிவாசல்நாட்டிலும் புதூர்நாட்டிலும் புங்கம்பட்டுநாட்டிலும் வாழும் நமக்கு, நம்மைப் போலவே மலையில் பிறந்து, ஆடுமாடு மேய்த்து, பள்ளிக்கூட வாசலை மிதியாமல், பாட்டி பாடக் கேட்ட பாட்டையே பாடி, இந்தியக் குடியரசுத் தலைவரின் கையால் பரிசு வாங்கிய ஒருவரின் கதை அந்நியமாக இருக்க முடியாது. அது மட்டுமன்று. அவருக்குப் பரிசு கிடைத்த மறுநாளே எழுந்த ஒரு வாக்குவாதம், நம் கோவிலில் யார் பாடலாம், எந்தப் பாட்டைப் பாடலாம் என்பது வரை வந்து தொடுகிறது. ஆகவே எழுதத் துணிந்தேன்.

அவர் பெயர் நஞ்சியம்மா. இருளர் இனத்தவர். ஊர், கேரள மாநிலம் பாலக்காடு மாவட்டத்து அட்டப்பாடி மலைப்பகுதியில் உள்ள நக்குப்பதிப் பிரிவு. கேரளம் என்றவுடன் ஏதோ தொலைதேசம் என்று எண்ண வேண்டியதில்லை. கோயம்புத்தூரிலிருந்து ஆனைக்கட்டி வழியாகப் பேருந்து ஏறினால் அட்டப்பாடிக்குள் போய்விடலாம். கோவை மக்கள் போற்றிக் குடிக்கும் தண்ணீரைத் தரும் சிறுவாணி ஆறு அந்த மலைப்பகுதியில் ஓடிப் பவானியில் கலக்கிறது. அந்தப் பவானி கிழக்கே திரும்பித் தமிழ்நாட்டுக்குள் புகுந்து காவிரியைச் சேர்கிறது. இருளர், முதுகர், குறும்பர் என மூன்று பழங்குடியினர் அங்கே வாழ்கிறார்கள். அவர்களுடைய குடியிருப்புக்கு ‘ஊரு’ என்றே பெயர். ஊருக்குத் தலைவர் மூப்பன். நமக்கு ஊர்க்கவுண்டர் எப்படியோ, அவர்களுக்கு மூப்பன் அப்படி.

இருளர் பேசும் மொழி தமிழுக்கு மிக நெருங்கியது. காதைக் கொஞ்சம் தீட்டிக்கொண்டு கேட்டால் நமக்கே பாதிக்கு மேல் விளங்கும். இன்னொரு வேடிக்கையையும் இங்கே சொல்லிவிடலாம். நம் சவ்வாது மலையில் வாழும் பழங்குடியினருக்கு அரசாங்கப் பதிவேட்டில் ‘மலையாளி’ என்று பெயர். மலையை ஆள்பவர் என்று நம்மவர் பொருள் சொல்லுவர். காஞ்சிபுரத்துப் பக்கமிருந்து வந்து மலையேறியவர்கள் நம் முன்னோர் என்பது வழிவழியாக வரும் கதை. ஆனால் சமவெளியில் உள்ளவர்கள், அதிலும் அலுவலகங்களில் உள்ளவர்கள், ‘மலையாளியா? கேரளாவா?’ என்று கேட்பது இன்றும் நின்றபாடில்லை. நஞ்சியம்மாவின் நிலை இதற்கு நேர் எதிர். கேரளத்தில் இருப்பவர், ஆனால் பேசுவதும் பாடுவதும் மலையாளம் அல்ல. மலையாளப் படமொன்றில் பாடியதற்காகவே நாடறிந்தார். அந்தப் பாட்டோ இருள மொழிப் பாட்டு.

இவருடைய இளமையைப் பற்றிப் பெரிய வரலாறு எழுத இடமில்லை. ஏட்டில் ஏறாத வாழ்க்கை அது. ஆடும் மாடும் மேய்த்தார், காட்டு வேலை செய்தார், குடும்பம் நடத்தினார். பாட்டு அவருக்குத் தொழிலாக இருந்ததில்லை. பிள்ளைக்குச் சோறூட்டும்போது ஒரு பாட்டு, விதைக்கும்போது ஒன்று, கலியாணத்துக்கு ஒன்று, இழவு வீட்டுக்கு ஒன்று என்று இருளர் வாழ்வில் பாட்டில்லாத வேளை குறைவு. பெரியவர்கள் பாடினார்கள், கூட இருந்த பெண்பிள்ளைக்குப் படிந்துவிட்டது. தவிலும், கொகல் என்னும் ஊதுகுழலும் ஒலிக்க, வட்டமாக நின்று கால் மாற்றி ஆடிக்கொண்டே பாடுவது அவர்கள் வழக்கம். நம் மலையில் இரவு முழுதும் தெருக்கூத்து பார்த்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. கூத்தில் வேடம் கட்டுகிறவர்களில் எத்தனை பேர் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள்? விடிய விடியப் பாரதத்தை மனப்பாடமாகப் பாடுகிறார்களே, அவர்களுக்கு எந்தக் கல்லூரி பட்டம் கொடுத்தது?

மலைக்கு வெளியே நஞ்சியம்மாவின் குரல் போனதற்குக் காரணம் அட்டப்பாடியிலேயே இருந்த ஒரு கலைக்குழு. ஆசாத் கலா சங்கம் என்பது அதன் பெயர். அதை நடத்தியவர் பழனிசாமி; அவரும் இருளர், அவரும் கலைஞர். தங்கள் இனத்தின் ஆட்டமும் பாட்டும் அழிந்துபோகாமல் மேடையில் ஏற்ற வேண்டும் என்று கிளம்பிய குழு அது. அதில் நஞ்சியம்மாவும் ஒருவராக இருந்தார். அக்குழு இல்லாவிட்டால் இந்த வரலாறே இல்லை என்பது என் எண்ணம். புகழ் வந்த பின் எல்லாரும் பாடகியைப் பார்த்தார்கள். குழுவைத் திரும்பிப் பார்த்தவர் குறைவு.

கே. ஆர். சச்சிதானந்தன் என்ற சச்சி, கேரள உயர்நீதிமன்றத்தில் வழக்கறிஞராக இருந்து, பிறகு திரைக்கதை எழுத வந்தவர். 2015-இல் ‘அனார்க்கலி’ என்ற படத்தை இயக்கினார். இரண்டாவதாக அவர் எடுத்த படம் ‘அய்யப்பனும் கோஷியும்’. அட்டப்பாடிக் காவல் நிலையத்து உதவி ஆய்வாளர் ஒருவருக்கும், பட்டாளத்திலிருந்து ஓய்வு பெற்ற ஒரு பணக்கார வீட்டுப் பிள்ளைக்கும் மூளும் பகைதான் கதை. அட்டப்பாடி மதுவிலக்கு உள்ள பகுதி. அங்கே காரில் சாராயப் புட்டிகளோடு அகப்பட்டுக்கொள்வதில் பகை தொடங்குகிறது. கதை நடக்கும் மண்ணின் குரலே படத்தில் கேட்க வேண்டும் என்று சச்சி விரும்பினார். பழனிசாமி நஞ்சியம்மாவை அழைத்து வந்தார். பழனிசாமி அப்படத்தில் நடித்தார். நஞ்சியம்மாவும் ஒரு சிறு வேடத்தில் தோன்றினார். அவர் பாடிய பாட்டுக்கு ஜேக்ஸ் பிஜோய் இசை அமைத்தார். பாட்டின் சொற்களும் நஞ்சியம்மாவினுடையவை என்றே படத்தில் குறிக்கப்பட்டது. இதைக் குறித்துக்கொள்ள வேண்டும். நாட்டுப்புறத்தாரின் பாட்டை எடுத்துக்கொண்டு, கீழே தன் பெயரைப் போட்டுக்கொண்ட கவிஞர்கள் உண்டு. இங்கே அந்த அநியாயம் நடக்கவில்லை.

அந்தப் பாட்டில் அப்படி என்னதான் இருக்கிறது? பெரிய தத்துவம் ஒன்றும் இல்லை. கிழக்குப் பக்கத்துச் சந்தன மரம் பூத்திருக்கிறது, பூப்பறிக்கப் போகலாமா, ஆகாயத்தில் போகும் விமானத்தைப் பார்க்கலாமா என்று பிள்ளைக்கு வேடிக்கை காட்டுகிற பாட்டு. பாடுகிறவர் தொண்டையைச் செருமிச் சரிசெய்து கொள்ளவில்லை, குரலைக் குழைக்கவுமில்லை. களத்திலிருந்து எதிர்க்கரைக்குக் கூப்பிடுகிற குரல் அது. 2020 ஜனவரியில் பாட்டு வெளிவந்தது. பிப்ரவரி 7-ஆம் நாள் படம் வந்தது. அதற்குள் கைப்பேசியிலும் யூடியூபிலும் இலட்சக்கணக்கானோர் அதைக் கேட்டுவிட்டார்கள். மொழி தெரியாதவர்களும் கேட்டார்கள்.

சந்தன மரம் என்றதும் நம் நெஞ்சில் வேறொன்றும் அசையும். சவ்வாது மலைச் சந்தனத்துக்கு இருந்த பெயர் சிறியதல்ல. திருப்பத்தூரில் அரசுச் சந்தனக் கிடங்கு இருப்பதே அதற்குச் சாட்சி. நம் சொந்தப் பட்டா நிலத்தில் தானாக முளைத்த சந்தன மரமும் அரசுக்கே உரியது என்றிருந்த காலம் நம் பெரியவர்களுக்கு நினைவிருக்கும். வேலியோரத்தில் கன்று தலைகாட்டினால் மகிழ்வதற்குப் பதில் அஞ்சினார்கள். பிறகு செம்மரம் வந்தது. 2015 ஏப்ரல் 7-ஆம் நாள் ஆந்திரத்தின் சேஷாசலக் காட்டில் காவல் துறையினர் சுட்டதில் இருபது பேர் மாண்டார்கள். கூலிக்கு மரம் வெட்டப் போனவர்கள் என்று சொல்லப்பட்ட அவர்களில் நம் சவ்வாது மலையைச் சேர்ந்தவர்களும் இருந்தார்கள். அட்டப்பாடிப் பெண்மணி சந்தனம் பூத்ததைப் பிள்ளைக்குக் காட்டிப் பாடுகிறபோது, அதைக் கேட்கும் நமக்கு மகிழ்ச்சி மட்டும் வருவதில்லை.

படம் வெளிவருமுன் ஒரு சிறு காட்சியைப் படம் பிடித்து வெளியிட்டார்கள். படத்தின் கதாநாயகர்களான பிருத்விராஜையும் பிஜு மேனனையும் தெரியுமா என்று சச்சி கேட்கிறார். தெரியாது என்று நஞ்சியம்மா சிரித்துக்கொண்டே சொல்லுகிறார். கேரளமே ஆரவாரிக்கும் நடிகர்களை அறியாமல் அவர்கள் படத்திலேயே பாடிவிட்டு நிற்கும் அந்தச் சிரிப்புதான் மக்களை முதலில் கவர்ந்தது. நகரத்தார் சிலர் அதை வெள்ளந்தித்தனம் என்று மெச்சினார்கள். எனக்கென்னவோ அப்படித் தோன்றவில்லை. ஆடு மேய்க்கிறவருக்கு நடிகரைத் தெரிந்திருக்க வேண்டிய அவசியம் என்ன? நடிகருக்கு ஆட்டைத் தெரியுமா என்று யாரும் கேட்கவில்லையே.

படம் வெற்றி பெற்றது. ஆனால் நஞ்சியம்மாவை உலகுக்குக் காட்டிய சச்சி, படம் வந்து ஐந்து மாதம் முடிவதற்குள், 2020 ஜூன் 18-ஆம் நாள் திருச்சூரில் மருத்துவமனையிலேயே காலமானார்.  இயக்கியவை அந்த இரண்டே படங்கள். கொரோனாக் காலமாகையால் 2020-ஆம் ஆண்டுப் படங்களுக்கான தேசிய விருதுகளும் தள்ளிப்போயின. 68-ஆவது தேசியத் திரைப்பட விருதுகள் 2022 ஜூலை 22-ஆம் நாள் புதுதில்லியில் அறிவிக்கப்பட்டன. சிறந்த இயக்குநர் விருது மறைந்த சச்சிக்கு. சிறந்த துணை நடிகர் பிஜு மேனன். சிறந்த பின்னணிப் பாடகி நஞ்சியம்மா. அந்த ஆண்டு சிறந்த படமாக நம் தமிழ்ப்படமான ‘சூரரைப் போற்று’ தேர்ந்தெடுக்கப்பட்டது யாவரும் அறிந்ததே. தேர்வுக் குழுவுக்கு விபுல் ஷா தலைவராக இருந்தார். செய்தி கேட்ட நஞ்சியம்மா, எல்லாம் சச்சி ஐயாவால் வந்தது என்று சொல்லி அவர் நினைவுக்கே விருதை உரித்தாக்கினார்.

இதற்கு முந்திய நாள், அதாவது ஜூலை 21-ஆம் நாள், சந்தால் பழங்குடியைச் சேர்ந்த திருமதி திரௌபதி முர்மு இந்தியக் குடியரசுத் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட முடிவு வெளியாகியிருந்தது. அடுத்தடுத்த இரண்டு நாட்களில் இரண்டு மலைமகளிர் பெயர் நாடெங்கும் ஒலித்தது.

அதன் பிறகுதான் வாக்குவாதம் கிளம்பியது. கேரளத்து இசைக் கலைஞர் ஒருவர் முகநூலில் ஒரு கேள்வி எழுப்பினார். சங்கீதத்துக்கென்றே வாழ்நாளைக் கொடுத்துச் சாதகம் செய்கிறவர்கள் எத்தனையோ பேர் இருக்க, கொடுத்த சுருதிக்கு ஏற்ப ஒரு பாட்டைப் பாட இயலாத நஞ்சியம்மாவுக்குச் சிறந்த பாடகி விருது கொடுப்பது அவர்களை அவமதிப்பதாகாதா என்பது அவர் வாதத்தின் சாரம். உடனே மறுமொழிகள் பறந்தன. முறையாகச் சங்கீதம் கற்ற பாடகர்கள், இசையமைப்பாளர்கள் பலரே நஞ்சியம்மாவின் பக்கம் நின்று எழுதினார்கள். நஞ்சியம்மாவோ இதை மனத்தில் வைத்துக்கொள்ளவில்லை என்று சொல்லி முடித்துக்கொண்டார்.

கேள்வி கேட்டவரைத் தூற்றிவிட்டுப் போவது எளிது. ஆனால் அவர் கேள்வியில் ஓர் உண்மையான வலி இருக்கிறது. விடியற்காலையில் எழுந்து ஸ்வர வரிசை சாதகம் செய்து, இருபது முப்பது ஆண்டுகள் குருவுக்குப் பணிவிடை செய்து கற்றவருக்கு, அந்த உழைப்புக்கு மதிப்பில்லையோ என்று மனம் நோவது இயல்பு. அதை நாம் மறுக்க வேண்டாம். எனினும் இரண்டு செய்திகளை அவர் மறந்துவிட்டார். முதலாவது, அந்த விருது வாழ்நாள் சாதனைக்கு அல்ல. குறிப்பிட்ட ஆண்டில் குறிப்பிட்ட படத்தில் ஒலித்த பாட்டுக்கு. அந்தப் படத்தில் அந்தப் பாட்டை வேறு யார் பாடியிருந்தாலும் அது வேறு பாட்டாகத்தான் ஆகியிருக்கும்.

இரண்டாவது செய்தி சுருதி பற்றியது. திரைப்படப் பாட்டு பதிவாகும் முறை பலருக்குத் தெரிந்திருக்கும். பெரும்பாலும் தாளமும் பின்னணி வாத்தியங்களும் முதலில் தயாராகிவிடும். பாடகர் வந்து, காதில் ஒலிகேட்பான் அணிந்து, அந்தச் சுருதிக்குள் நின்று பாடிக் கொடுப்பார். அது ஒரு கலை. பயிற்சி இல்லாமல் வராது. நாட்டுப்புறத்தாரின் முறை வேறு. அங்கே சுருதிப் பெட்டி கிடையாது. முதலில் வாயெடுப்பவர் குரல் எதுவோ அதுவே சுருதி. கூட்டத்தார் அதில் வந்து சேர்ந்துகொள்வார்கள். மழைக்காலத்தில் ஒரு சுருதி, அறுவடைக் களத்தில் ஒரு சுருதி. வாத்தியக்காரர் பாட்டைத் தேடி வரவேண்டும். அடுத்தவர் பெட்டியில் நிற்கத் தெரியாதவரைப் பாடத் தெரியாதவர் என்று சொல்லிவிடலாகாது. ஐம்பது ஆண்டுகளாகக் கேட்டும் பாடியும் வந்த பாட்டுக்குப் பயிற்சி இல்லை என்று எப்படிச் சொல்வது? பாடத்திட்டம்தான் இல்லை.

அந்த ஆண்டின் சிறந்த பின்னணிப் பாடகர் விருது யாருக்குப் போயிற்று என்பதைக் கேட்டால் இதன் சுவை இன்னும் விளங்கும். மராத்தியப் படமான ‘மீ வசந்தராவ்’ படத்தில் பாடிய ராகுல் தேஷ்பாண்டேக்கு அது வழங்கப்பட்டது. இந்துஸ்தானி சங்கீத மேதை வசந்தராவ் தேஷ்பாண்டேயின் பேரன் அவர். தாத்தாவின் வரலாற்றைச் சொல்லும் படத்தில் தாத்தாவாக நடித்து, பரம்பரைச் சங்கீதத்தைப் பாடியவர். ஒரே பட்டியலில், ஒரே பரிசு, ஒருபுறம் சங்கீத வித்துவானுக்கு, மறுபுறம் ஆடு மேய்த்த பெண்மணிக்கு. இருவருக்கும் தாத்தா பாட்டி கொடுத்ததுதான் சொத்து. தேர்வுக் குழுவினர் வேண்டுமென்றே இப்படி அமைத்தார்களோ என்னவோ, இதைவிட நல்ல மறுமொழி அந்த வாக்குவாதத்துக்கு இருக்க முடியாது.

நம் தமிழ்நாட்டிலும் இந்த வழக்கு புதிதன்று. சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதை முதன்முதல் பெற்றவர் பி. சுசீலா, ‘உயர்ந்த மனிதன்’ படத்துக்காக. அடுத்த ஆண்டு, 1969-க்குரிய விருது, ‘துணைவன்’ படத்துக்காகக் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாளுக்குப் போயிற்று. வறுமையில் ரயில் பெட்டியில் பாடித் திரிந்த சிறுமி அவர் என்று பெரியவர்கள் சொல்வார்கள். நாடகக் கொட்டகையே அவருக்குப் பள்ளிக்கூடம். அவர் பாட எழுந்தால் ஒலிபெருக்கிக்கு வேலை இருந்ததில்லை. 1985-ஆம் ஆண்டைப் பாருங்கள்: ‘சிந்து பைரவி’ படத்தில், சங்கீத வித்துவானின் சபையில் எழுந்து நின்று படிக்காத சனங்களின் பாட்டைப் பாடுகிற பெண்ணுக்காகக் குரல் கொடுத்த சித்ரா தேசிய விருது பெற்றார். சித்ரா முறையாகச் சங்கீதம் பயின்றவர். படியாதவரின் பாட்டைப் படித்தவர் பாடினார்; விருதும் வந்தது; ஒருவரும் வாய் திறக்கவில்லை. படியாதவரே வந்து பாடியபோதுதான் கேள்வி எழுந்தது.

அதே 1985-இல்தான் பாண்டியராஜனின் ‘ஆண் பாவம்’ படத்தில் சிவகங்கைச் சீமையின் கொல்லங்குடி கருப்பாயி பாட்டியாக வந்து நாட்டுப்புறப் பாட்டுப் பாடினார். பள்ளி சென்று படித்தவரல்ல. வயலில் நடவு நட்டுக்கொண்டு பாடிய பாட்டு வானொலிக்குப் போய், அங்கிருந்து திரைக்கு வந்தது. தமிழக அரசு கலைமாமணி விருது வழங்கியது. ஆனால் முதுமையில் அவர் வறுமையோடு போராடினார் என்பதும் செய்தித்தாள்களில் வந்ததே. 2025 ஜூனில் நூறை எட்டும் வயதில் மறைந்தார். மதுரைப் பக்கத்துப் பரவை முனியம்மாவின் கதையும் ஏறத்தாழ இதுவே. 2003-இல் ‘தூள்’ படத்தில் பாடி ஊரெல்லாம் பெயர் வாங்கியவர், உடல்நலம் குன்றி, 2020 மார்ச்சில் மறைந்தார். பாட்டுக்கு நாம் கைதட்டுகிறோம். பாடியவர் வீட்டு அடுப்பை எட்டிப் பார்ப்பதில்லை.

2022 செப்டம்பர் 30-ஆம் நாள் புதுதில்லி விஞ்ஞான் பவனில் விருது வழங்கு விழா. நஞ்சியம்மாவின் பெயர் அழைக்கப்பட்டபோது மண்டபத்தில் இருந்த நடிகர் நடிகையர், இயக்குநர்கள் யாவரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். அன்று அவருக்கு வெள்ளித் தாமரையை வழங்கியவர் திரௌபதி முர்மு. ஒடிசாவின் மயூர்பஞ்ச் காட்டுப்புறத்தில் பிறந்த பெண்மணியின் கையிலிருந்து அட்டப்பாடிப் பெண்மணியின் கைக்கு அது போயிற்று. விருதோடு ஐம்பதாயிரம் ரூபாய் ரொக்கம்.

இனி, மலையின் மறுபக்கத்தையும் சொல்லாமல் விட்டால் இது முழு வரலாறாகாது. அட்டப்பாடியில் ஒரு காலத்தில் பழங்குடியினரே பெரும்பான்மையோர்; இன்று அவர்கள் சிறுபான்மையோர். வெளியிலிருந்து வந்தவர்கள் குடியேறக் குடியேற நிலம் கைமாறிக்கொண்டே போயிற்று. இழந்த நிலத்தைப் பழங்குடியினருக்கு மீட்டுத் தருவதற்கென்று கேரள அரசு 1975-இல் ஒரு சட்டம் இயற்றியது. சட்டம் வந்தது, நிலம் வருவதற்குப் பல்லாண்டுகள் இழுத்தடித்து, கடைசியில் 1999-இல் வேறு சட்டமே வந்துவிட்டது. நஞ்சியம்மாவின் கணவர் குடும்பத்து நிலமும் இப்படியொரு வழக்கில் மாட்டிக்கொண்டது. தேசிய விருது வாங்கியவர், அந்நிலத்துக்காக அதிகாரிகளிடம் முறையிட்டு நின்ற செய்தி நாளிதழ்களில் வந்தது. தில்லியில் எழுந்து நின்று வரவேற்றார்கள்; சொந்த ஊரில் அலுவலகத் திண்ணையில் காக்க வைத்தார்கள்.

படம் வருவதற்கு இரண்டு ஆண்டு முன்னால், 2018 பிப்ரவரி 22-ஆம் நாள், அதே அட்டப்பாடியில் மது என்ற பழங்குடி இளைஞர், அரிசி திருடினார் என்று சொல்லிக் கட்டி வைத்து அடிக்கப்பட்டு உயிர் துறந்தார். அடித்தவர்கள் அவரோடு நின்று கைப்பேசியில் படமும் பிடித்துக்கொண்டார்கள். மண்ணார்க்காடு சிறப்பு நீதிமன்றம் 2023 ஏப்ரலில் பதினான்கு பேரைக் குற்றவாளிகள் என்று தீர்த்து, அவர்களில் பதின்மூன்று பேருக்கு ஏழாண்டுக் கடுங்காவல் விதித்தது. ஒரே மலை, ஒரே கைப்பேசி. அதில்தான் மதுவின் படமும் நாடெங்கும் போயிற்று, நஞ்சியம்மாவின் பாட்டும் போயிற்று.

இருளர் என்றதும் நம் பக்கத்து இருளரையும் எண்ண வேண்டும். செங்கற்பட்டுப் பக்கத்துப் பாம்புபிடிப்பவர்களான வடிவேல் கோபாலும் மாசி சடையனும் 2017-இல் அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்துக்கு அழைக்கப்பட்டார்கள். அங்கே சதுப்புக் காட்டில் பெருகிவிட்ட மலைப்பாம்புகளை அந்நாட்டு விஞ்ஞானிகளால் கண்டுபிடிக்க முடியாமல் இவர்களைக் கூப்பிட்டார்கள். 2023-இல் இருவருக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது. படித்தவர்கள் இவர்களையும் ‘பயிற்சி பெறாதவர்கள்’ என்றே குறிப்பிடுவார்கள் போலும்.

கடைசியாக, திருச்சபைக்கும் இதற்கும் உள்ள தொடர்பு. சாமுவேல் முதல் நூல் பதினாறாம் அதிகாரத்தில், மனம் கலங்கிய சவுல் அரசனுக்கு யாழ் மீட்ட ஆள் தேடுகிறார்கள். அரண்மனையில் இசைவாணர் இல்லாமலா போனார்கள்? இருந்தும் ஆட்டுக் கிடையிலிருந்து அழைத்து வரப்பட்டவர் தாவீது. அவர் பெயரால் வழங்கும் சங்கீதங்களைத்தான் இன்றளவும் ஒவ்வொரு பூசையிலும் பதிலுரைப் பாடலாகப் பாடுகிறோம்.

இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963 டிசம்பர் 4-ஆம் நாள் வெளியிட்ட திருவழிபாட்டுச் சாசனத்தின் 119-ஆம் எண் இசையைப் பற்றியது. மறைபரப்பு நாடுகளில் மக்களுக்கென்று சொந்த இசை மரபு இருக்குமானால், அதற்கு உரிய மதிப்பும் இடமும் தரவேண்டும் என்று அது கூறுகிறது. லத்தீன் பூசை கேட்டு வளர்ந்த நம் முதியோருக்கு, பூசை தமிழுக்கு மாறியபோது உண்டான வியப்பு நினைவிருக்கும். தமிழ் வந்தது, ஆர்மோனியமும் தபலாவும் வந்தன, பிறகு விசைப்பலகை வந்தது, இப்போது பென்டிரைவில் பதிந்த பின்னணி இசையே வந்துவிட்டது. சங்கம் சொன்ன அந்த மலைமக்களின் சொந்த இசை மட்டும் கோவில் வாசற்படியிலேயே நிற்கிறது.

மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ், அமேசான் காட்டுப் பழங்குடி மக்களைப் பற்றிய ஆயர் மாமன்றத்துக்குப் பின் ‘அன்புள்ள அமேசோனியா’ என்ற பொருள்படும் மடலை 2020 பிப்ரவரி 12-ஆம் நாள் வெளியிட்டார். நஞ்சியம்மா பாடிய படம் வெளிவந்து ஐந்தாம் நாள் அது. பழங்குடியினரின் பாட்டு, ஆட்டம், சடங்கு, சைகை ஆகியவற்றை வழிபாட்டில் சேர்த்துக்கொள்ளச் சங்கம் அப்போதே கேட்டது. ஆனால் இந்த ஐம்பது ஆண்டுகளுக்கு மேலான காலத்தில் நாம் சென்ற தூரம் சொற்பம் என்று அம்மடலில் அவரே வருந்துகிறார். தேவ அன்னைக்குத் தாலாட்டு, பாடுபட்ட சுரூபத்தின் முன் ஒப்பாரி, கிறிஸ்து பிறப்புக்குக் கும்மி என்று சமவெளிப் பங்குகளில் தபசு காலத்திலும் திருநாள் காலத்திலும் முன்னே நிறைய இருந்தது. வீரமாமுனிவர் காலந்தொட்டு அம்மானையும் வாசாப்பும் நாட்டுக்கூத்துமாகத் தமிழ்க் கத்தோலிக்கர் வளர்த்த செல்வம் அது. மலைப் பங்குகளில் நாம் செய்ததென்ன என்று கேட்டுக்கொண்டால், சமவெளியில் அச்சிட்ட பாட்டுப் புத்தகத்தை மேலே கொண்டுவந்து கொடுத்ததே பெரும்பாலும். கொண்டுவந்தவர்களின் அன்பைக் குறை சொல்லவில்லை. மலையிலிருந்து கீழே ஒரு பாட்டும் இறங்கவில்லையே என்பதுதான் குறை.

நம் பாடகர் குழுப் பிள்ளைகளுக்கு நஞ்சியம்மாவின் பாட்டு மனப்பாடம்; அட்டப்பாடி எங்கே இருக்கிறது என்று தெரியாவிட்டாலும் இசை தெரியும். அவர்களுடைய சொந்தப் பாட்டியோ, ஞாயிற்றுக்கிழமை பூசையில் பெண்கள் பக்கத்துப் பாயில் அமர்ந்திருக்கிறார். சாமை குத்தும்போது பாடியது, நாற்று நடும்போது பாடியது, பிள்ளை அழுதபோது பாடியது என்று அவரிடம் எத்தனை பாட்டு இருக்கின்றன என்று இந்த ஜூபிலி ஆண்டில் யாரேனும் போய்க் கேட்டால் சொல்லுவார். ஒலிப்பதிவுக்குக் கைப்பேசி போதும்.